நவீன கவிதைக்குள் புத்தர் வந்த வழி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பத்துப் பதினைந்து பேர் கூடிக் கவிதை வாசிக்கிறோம். ஆங்கிலக் கவிஞர் டி.எஸ். எலியட்டை எடுத்தாலும் ஜப்பானிய ஹைக்கூக் கவிஞர் பாஷோவை எடுத்தாலும் பேச்சு ஒரு கட்டத்தில் புத்தரிடம் போய் நிற்கும். உடனே அதே சந்தேகங்கள் எழும். கேட்டவர்களின் வாய்மொழியிலேயே அவற்றை இங்கே தொகுத்திருக்கிறேன். பின்னால் வரும் பதில்கள் முன்னால் சொன்னதன் மேல் நிற்பவை என்பதால் வரிசையாகப் படிப்பது நல்லது.

"நவீன கவிதையில புத்தம் எங்க இருக்கு? நான் படிச்சவரைக்கும் புத்தர் பேரையே பார்த்ததில்லையே?"

பேரைத் தேடினால் கிடைக்காது. போதிமரம், தாமரை, நிர்வாணம் என்று சொற்களை அடுக்கிய கவிதைகள் உண்டு. அவற்றில் பல வெறும் அலங்காரம். உண்மையில் கைமாறியது பார்க்கும் விதம். ஒரு பொருளை அது இருக்கிறபடி இருக்கவிடுவது, 'நான்' என்பதைக் கொஞ்சம் ஓரமாக நகர்த்தி வைப்பது, எதுவும் நிலைக்காது என்பதைப் புலம்பாமல் சொல்வது.

19-ஆம் நூற்றாண்டு ஆங்கிலக் கவிஞர் குயிலைக் கேட்டாலும் பூவைப் பார்த்தாலும் கடைசியில் பேசுவது அவர் நெஞ்சம்தான். 20-ஆம் நூற்றாண்டில் பல கவிதைகளில் அந்தக் குரல் தணிகிறது. அதற்குக் காரணங்கள் பல. அவற்றில் ஒன்று கிழக்கிலிருந்து போனது. இங்கே பேசுவது அந்த ஒன்றைப் பற்றி மட்டுமே.

"இது எப்ப ஆரம்பிச்சது? யார் மூலமா அங்க போச்சு?"

ஒரே ஆளைச் சொல்ல முடியாது. ஆனால் எர்னஸ்ட் ஃபெனொலோசா என்பவரை விட்டுவிட்டுச் சொல்லவும் முடியாது. அமெரிக்காவின் சேலம் நகரத்துக்காரர். 1878-இல் டோக்கியோ பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்தப் போனவர், ஜப்பானியக் கலையில் மூழ்கி, புத்த சமயத்தையும் ஏற்றார். 1908-இல் லண்டனில் இறந்தார். அவர் அஸ்தி பின்னர் பிவா ஏரிக்கரையில் உள்ள மீ-தேரா கோயில் வளாகத்துக்குப் போய்ச் சேர்ந்தது. ஜப்பானிய ஆசிரியர்களிடம் சீனக் கவிதை பாடம் கேட்டு அவர் எழுதிவைத்த குறிப்பேடுகளை, அவர் மனைவி 1913-இல் எஸ்ரா பவுண்ட் என்ற இளம் கவிஞரிடம் கொடுத்தார். அதிலிருந்து பிறந்ததுதான் 1915-இல் வந்த 'கதே' (Cathay) என்ற சீனக் கவிதை மொழிபெயர்ப்புத் தொகுப்பு.

குறிப்பேடுகள் கைக்கு வருமுன்பே பவுண்ட் ஹைக்கூவைப் படித்திருந்தார். பாரிஸ் சுரங்க ரயில் நிலையத்தில் கண்ட முகங்களைப் பற்றி முதலில் 30 வரி எழுதிக் கிழித்தார். ஆறு மாதம் கழித்து அதில் பாதி நீளத்துக்கு எழுதினார். கடைசியில் அது இரண்டே வரியில் நின்றது: கூட்டத்தில் தோன்றி மறையும் முகங்கள், ஈரக் கறுங்கிளையில் இதழ்கள். 'போல' என்ற சொல் இல்லை, கவிஞரின் உணர்ச்சியும் சொல்லப்படவில்லை. இரண்டு காட்சிகளை அருகருகே வைத்துவிட்டு விலகிக்கொள்கிறார். 1913-இல் இது அச்சானது.

"பவுண்டுக்குச் சீன மொழியே தெரியாதுன்னு சொல்றாங்களே. அப்புறம் அது என்ன மொழிபெயர்ப்பு?"

அப்போது தெரியாது என்பது சரி. குறிப்புகள் ஜப்பானிய வழியாக வந்தவை, அதனால் லி பாய் என்ற பெரும் சீனக் கவிஞர் அந்தப் புத்தகத்தில் 'ரிஹாகு' என்ற ஜப்பானிய உச்சரிப்பில்தான் இருக்கிறார். சீன எழுத்துகள் எல்லாமே சித்திரங்கள் என்று ஃபெனொலோசா நம்பியதும் பிழை. பெரும்பாலானவற்றில் ஒலியைக் காட்டும் உறுப்பு உண்டு.

பிழையான வழியாக வந்தும் நல்லது நடந்தது என்பதே என் கருத்து. படங்களை நேரே வைத்துப் பேசும் ஆங்கிலக் கவிதை பவுண்டின் அந்தப் பயிற்சியில் உருவானது. இன்னொன்றையும் மறைக்கக் கூடாது: பவுண்ட் புத்தத்தை விரும்பியவர் இல்லை. அவர் கன்ஃபூசியஸ் பக்கம் நின்றவர், பிக்குகளைத் தன் பிற்காலக் கவிதைகளில் ஏசியவர். புத்தம் வளர்த்த அழகுணர்வு, புத்தத்தைப் பிடிக்காதவர் கையாலேயே மேற்கே பரவியது.

"பாழ்நிலத்துல 'தீ உபதேசம்'னு ஒரு பகுதி இருக்கே. அதுல எலி, தேம்ஸ் நதி, டைப்பிஸ்ட் எல்லாம் வர்றாங்க. புத்தர் எங்க?"

எங்கள் கூட்டத்தில் அதிகம் கேட்கப்பட்ட கேள்வி இதுதான். பாழ்நிலம் (The Waste Land) என்பது எலியட்டின் நீண்ட கவிதை. அதன் ஒரு பகுதிக்குப் புத்தரின் உபதேசம் ஒன்றின் பேரை வைத்திருக்கிறார். முதலில் அந்த மூல உபதேசம். கயைக்கு அருகே, வேள்வித் தீயை வணங்கிவந்து பிறகு பிக்குகளான ஆயிரம் பேரிடம் புத்தர் பேசுகிறார். எல்லாம் எரிகிறது என்கிறார். கண் எரிகிறது, கண் காணும் உருவம் எரிகிறது, இரண்டும் தொடும் இடம் எரிகிறது. அப்படியே காது, மூக்கு, நாக்கு, உடல், மனம். எந்தத் தீயால்? ராகம், துவேஷம், மோகம் என்ற மூன்றால். நமக்கு இது புதிதே இல்லை. "காமம் வெகுளி மயக்கம் இவைமூன்றன் நாமம் கெடக்கெடும் நோய்" என்று 360-ஆம் குறள் சொல்வது இதே மூன்றைத்தான்.

இப்போது எலியட்டின் டைப்பிஸ்டைப் பாருங்கள். வேலை முடிந்து வருகிறாள், காலைச் சாப்பாட்டுத் தட்டை எடுத்துவைக்கிறாள், தகர டப்பா உணவைப் பிரித்து வைக்கிறாள், ஜன்னலுக்கு வெளியே உள்ளாடைகள் காய்கின்றன. ஓர் இளைஞன் வருகிறான். அவளுக்கு விருப்பமும் இல்லை, மறுப்பும் இல்லை. அவன் போனதும் தலைமுடியை இயந்திரம் போலக் கோதிவிட்டு கிராமபோனில் ஓர் இசைத்தட்டைச் சுழலவிடுகிறாள். இதில் எங்கே தீ என்று கேட்பவர்கள் காமத்தீயைத்தான் தேடுகிறார்கள். நான் இங்கே காண்பது மூன்றாவது தீயை. மயக்கம். எரிவதே தெரியாமல் எரிவது. புத்தர் பேர் அங்கே இல்லை, அவர் கண் இருக்கிறது.

பகுதியின் முடிவில் 'எரிகிறது' என்ற சொல் நான்கு முறை அடுக்கி வருகிறது. நடுவில் கிறிஸ்தவ ஞானி புனித அகஸ்டினின் வேண்டுதல். கடைசியில் மறுபடி அந்த ஒரே சொல், முற்றுப்புள்ளிகூட இல்லாமல். மூல உபதேசத்தில் எரிவதை உணர்ந்த சீடன் சலிப்புற்று, பற்றற்று, விடுதலை அடைகிறான். எலியட் அந்த வாசலைத் திறக்காமல் எரிவதோடு நிறுத்துகிறார். 1922-இல், பெரும் போர் முடிந்த சில வருடங்களில் எழுதியவர் அதற்கு மேல் சொல்லியிருந்தால் நான் நம்பியிருக்க மாட்டேன்.

"எலியட் புத்த மதத்துல சேர்ந்துட்டாரா?"

இல்லை. ஹார்வர்டில் 1911 முதல் இரண்டு வருடம் சார்ல்ஸ் லான்மன் என்ற பேராசிரியரிடம் சமஸ்கிருதம் படித்தார், பாலியும் படித்தார். மசஹாரு அனெசாகி என்ற ஜப்பானிய அறிஞரின் புத்த சமய வகுப்பிலும் இருந்தார். பாழ்நிலம் எழுதிய காலத்தில் பௌத்தராகிவிடும் அளவுக்கு நெருங்கியிருந்ததாக அவரே சொன்னதைக் கவிஞர் ஸ்டீஃபன் ஸ்பென்டர் பதிவு செய்திருக்கிறார். ஆனால் 1927-இல் அவர் சேர்ந்தது இங்கிலாந்துத் திருச்சபையில்.

"அந்தக் கவிதை சாந்தி சாந்தி சாந்தின்னு முடியுது. அது உபநிடதம். இந்து, புத்தம் ரெண்டையும் ஒண்ணாப் போட்டுக் குழப்புறாரா?"

கடைசிப் பகுதி பிருகதாரண்யக உபநிடதத்திலிருந்து வருவது உண்மை. தேவர், மனிதர், அசுரர் மூவரிடமும் பிரஜாபதி 'த' என்ற ஒரே எழுத்தைச் சொல்கிறார். அடங்கு, கொடு, இரக்கம் காட்டு என்று அவரவர் தேவைக்கேற்பப் பொருள் கொள்கிறார்கள். எலியட் இந்த வரிசையை மாற்றி, 'கொடு' என்பதை முதலில் வைத்தார். மூலத்தில் அது மனிதர்களுக்கு உரியது. எழுதுவது மனிதர்களுக்காக என்பதால் அதை முன்னே கொண்டுவந்தார் என்று நான் எடுத்துக்கொள்கிறேன்.

குழப்பம் என்று சொல்ல மாட்டேன். இரண்டும் தனித்தனிப் பகுதிகளில் தனித்தனி வேலை செய்கின்றன. புத்தர் நோயைச் சொல்கிறார், உபநிடதம் என்ன செய்யலாம் என்கிறது. அகஸ்டினும் பக்கத்தில் நிற்கிறார். இடிந்த ஊரில் கிடைத்த கல்லை எல்லாம் எடுத்துச் சுவர் எழுப்புபவர் அது எந்தக் கோயில் கல் என்று பிரித்துக்கொண்டிருக்க முடியாது.

"ஹைக்கூன்னாலே ஜென்தானே?"

பாதி சரி. பாஷோ (1644–1694) புச்சோ என்ற குருவிடம் ஜென் என்ற தியான வழிப் பௌத்தத்தைப் பயின்றவர். பழைய குளம், தவளை குதிக்கிறது, நீரின் ஓசை என்ற அவருடைய 1686-ஆம் வருடக் கவிதை உலகம் முழுக்கப் போயிற்று. ஆனால் அவர் தன்னைத் துறவி என்று சொல்லிக்கொள்ளவில்லை. பறவைக்கும் எலிக்கும் நடுவில் இருக்கும் வௌவால் போல, துறவியும் இல்லாத இல்லறத்தானும் இல்லாத ஆள் என்று ஒரு பயணக் குறிப்பில் எழுதினார். இன்னொரு பெரிய ஹைக்கூக் கவிஞரான இஸ்ஸா ஜென் வழியே அல்ல. அவருடையது அமிதா புத்தரிடம் அடைக்கலமாகும் பக்தி மரபு. அதை நம் ஆழ்வார்களைப் படித்தவர்கள் சட்டென்று புரிந்துகொள்வார்கள்.

ஹைக்கூவும் ஜென்னும் ஒன்றே என்ற எண்ணம் பரவியதற்கு ஆர்.எச். பிளைத் 1949-க்கும் 1952-க்கும் இடையில் ஹைக்கூவை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து விளக்கி வெளியிட்ட நான்கு தொகுதிகள் பெரிய காரணம். அமெரிக்கக் கவிஞர்கள் அவற்றின் வழியாகத்தான் படித்தார்கள். ஹைக்கூவை அவர் காட்டிய கண்ணாடி வழியே பார்த்தார்கள் என்பதை நினைவில் வைத்துக்கொண்டால் போதும்.

"5-7-5 கட்டாயமா?"

ஜப்பானிய ஒலி அலகும் தமிழ் அசையும் ஒன்றல்ல. எண்ணி எண்ணி எழுதுவதால் பயனில்லை. எண்ணிக்கையைவிட முக்கியம் நடுவில் விழும் வெட்டு. தவளைக் கவிதையில் குளத்துக்குப் பின் வரும் 'யா' என்ற சொல்லுக்கு அர்த்தம் கிடையாது. நின்று மூச்சு விடச் சொல்கிறது, அவ்வளவுதான். தமிழில் மூன்றாவது வரியை அதிர்ச்சியாகவோ விடுகதையின் விடையாகவோ வைக்கிறோம். அது வேறொரு சுவை. குளத்தின் ஓசை அதில் கேட்காது.

"புத்தர் பற்றை விடச் சொன்னார். பாசமும் துக்கமும் இல்லாம ஒருத்தன் கவிதை எழுத முடியுமா சார்?"

ஒரு கல்லூரி மாணவி கேட்டது. இஸ்ஸாவைத்தான் படித்துக் காட்டினேன். 1819-இல் அவருடைய சின்ன மகள் சாத்தோ அம்மை கண்டு இறந்தாள். ஒரு வயதைக் கொஞ்சம் தாண்டியிருந்த குழந்தை. அதற்கு முன்பே ஒரு மகனையும் இழந்திருந்தார். அப்போது எழுதியது: பனித்துளி உலகம் பனித்துளி உலகம்தான், ஆனாலும், ஆனாலும்.

உலகம் பனித்துளி என்பது புத்த சமயத்தில் எல்லோரும் சொல்லும் பாடம். துக்கம் கேட்க வந்தவர்கள் அதைத்தான் சொல்லியிருப்பார்கள். இஸ்ஸா அதை மறுக்கவில்லை, சரி என்று ஒப்புக்கொள்கிறார். பிறகு 'ஆனாலும்' என்கிறார். வாக்கியம் முடியவில்லை. பாடம் உண்மை, பிள்ளை போனதும் உண்மை. இரண்டையும் வைத்துக்கொண்டு நிற்கிற இடம்தான் கவிதை. அன்று அந்த மாணவி கொஞ்ச நேரம் எதுவும் பேசவில்லை. கூட்டம் முடிந்து போகும்போது அந்த வரியை எழுதி வாங்கிக்கொண்டாள்.

"அமெரிக்க பீட் கவிஞர்கள் ஜென்னை ஒரு ஃபேஷனாத்தானே எடுத்துக்கிட்டாங்க?"

பீட் என்பது 1950-களின் அமெரிக்கக் கலகக் கவிஞர்களின் கூட்டம். அவர்களில் சிலர் அப்படித்தான். ஜென்னைப் பற்றிப் பல நூல்கள் எழுதிய ஆலன் வாட்ஸ் 1958-லேயே இதைக் கண்டித்து எழுதிவிட்டார். ஆனால் கவிஞர் கேரி ஸ்னைடரை அந்தக் கணக்கில் சேர்க்காதீர்கள். 1955 அக்டோபர் 7-ஆம் தேதி சான் பிரான்சிஸ்கோவின் சிக்ஸ் கேலரியில் ஆலன் கின்ஸ்பர்க் தன் 'ஹவுல்' கவிதையை முதன்முதலாக வாசித்த அதே இரவில் ஸ்னைடரும் வாசித்தார். அடுத்த வருடம் கியோட்டோவுக்குக் கப்பல் ஏறினார். அங்கே பல வருடம் இருந்து தைதோகு-ஜி மடத்தில் முறையாக ஜென் பயின்றார். ஹான் ஷான் என்ற சீனத் துறவியின் 24 கவிதைகளையும் மொழிபெயர்த்தார். ஹான் ஷான் என்றால் 'குளிர்மலை'. அது அந்த மனிதரின் பேர், அவர் வாழ்ந்த மலையின் பேர், அவருடைய மனநிலையின் பேரும்கூட.

ஸ்னைடர் மலை உச்சியில் காட்டுத்தீ கண்காணிக்கும் வேலை பார்த்தவர். 1953-இல் சவர்டோ மலைக் காவல் குடிலில் இருந்த கோடையைப் பற்றிய கவிதையைப் பாருங்கள். பள்ளத்தாக்கில் புகைமூட்டம். ஐந்து நாள் மழைக்குப் பின் மூன்று நாள் வெயில். மரக்காய்களில் பிசின் மின்னுகிறது. புது ஈக்கள் மொய்க்கின்றன. முதல் பாதியில் 'நான்' இல்லவே இல்லை. இரண்டாவது பாதியில் வரும்போதும், படித்தது எதுவும் நினைவில்லை என்று சொல்லத்தான் வருகிறது. பிறகு தகரக் குவளையில் குளிர்ந்த பனிநீரைக் குடித்தபடி, அசையாத காற்றினூடே மைல் கணக்கில் கீழே பார்ப்பதோடு முடிகிறது. முதல் பதிலில் 'நான்' என்பதை ஓரமாக நகர்த்துவது என்று சொன்னேனே, அது இதுதான். இந்தக் கவிதை இடம்பெற்ற 'ரிப்ராப்' தொகுப்பு 1959-இல் வந்தது. ரிப்ராப் என்பது வழுக்குப் பாறையில் குதிரை ஏறக் கல் பதித்துப் போடும் பாதை. யோசெமிட்டி மலையில் அந்த வேலையை அவரே செய்தவர்.

"இப்படிப் பூவையும் பனியையும் எழுதுறது, நிஜப் பிரச்சினையிலிருந்து தப்பிச்சு ஓடுறதுதானே?"

ரிச்சர்ட் ரைட்டைப் பற்றிச் சொல்கிறேன். 1908-இல் மிசிசிப்பியில் பிறந்த கறுப்பினத்தவர். 1940-இல் வந்த 'நேட்டிவ் சன்' நாவலால் அமெரிக்க நிறவெறியின் முகத்தைக் காட்டியவர். அவரைத் தப்பியோடியவர் என்று யாராலும் சொல்ல முடியாது. பாரிஸில் நோயாளியாக இருந்த கடைசி ஒன்றரை வருடத்தில் அவர் சுமார் 4,000 ஹைக்கூ எழுதினார். 1960-இல் இறந்தார். அவர் தேர்ந்தெடுத்த 817 கவிதைகள் 1998-இல்தான் புத்தகமாயின.

முதல் கவிதை இப்படிப் போகிறது: நான் யாருமில்லை, மூழ்கும் சிவந்த சூரியன் என் பேரை எடுத்துக்கொண்டு போய்விட்டது. பேரைப் பறித்து, 'நீ யாருமில்லை' என்று ஒரு நாடே சொன்ன மக்களில் ஒருவர் இதை எழுதுகிறார். அந்தச் சொல்லை அந்த நாட்டிடமிருந்து வாங்கிச் சூரியனிடம் கொடுத்துவிடுகிறார். இதில் ஓட்டம் எங்கே இருக்கிறது?

"சூன்யம்னா ஒண்ணுமில்லைன்னு அர்த்தம். அதை வச்சு என்ன கவிதை எழுதுவாங்க?"

பழைய பௌத்த தத்துவ அறிஞர் நாகார்ஜுனர் சொல்லும் சூன்யம் 'ஒன்றுமில்லை' அல்ல. எதுவும் தன்னந்தனியாகத் தானே இல்லை என்பது. பானை என்றால் மண், தண்ணீர், சக்கரம், குயவர் கை, சூளை. இவற்றைக் கழித்துவிட்டுப் பானையை மட்டும் காட்டு என்றால் காட்ட முடியாது.

இதைக் கவிதையின் வடிவமாகவே ஆக்கியவர் ஒக்டாவியோ பாஸ். 1962 முதல் 1968 வரை இந்தியாவில் மெக்சிகோவின் தூதராக இருந்தவர். தன் நாட்டில் மாணவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டதும் பதவியை விட்டு விலகினார். மதுரை, உதகமண்டலம் என்ற தலைப்புகளில்கூட அவர் கவிதை எழுதியிருக்கிறார். 1967-இல் வந்த 'பிளாங்கோ' ஒரே நீண்ட மடிப்புத் தாளில் அச்சானது. பக்கத்துப் பக்கத்தில் ஓடும் பத்திகளைத் தனியாகவும் படிக்கலாம், சேர்த்தும் படிக்கலாம். எந்தப் பத்தியும் தன்னளவில் முழுக் கவிதை இல்லை. முகப்பில் ஹேவஜ்ர தந்திரம் என்ற பௌத்த நூலின் மேற்கோள். அந்த ஸ்பானியச் சொல்லுக்கு வெள்ளை, வெற்றிடம், இலக்கு என்று மூன்று பொருளும் உண்டு.

"புத்தத் தாக்கம் இருக்குன்னு எதை வச்சுச் சொல்றது? ஒத்துப்போனாலே போதுமா?"

போதாது. அமெரிக்கக் கவிஞர் வாலஸ் ஸ்டீவன்ஸின் பனி மனிதனைப் பற்றிய கவிதை இல்லாததையும் இருக்கிற இன்மையையும் ஒரே வரியில் சொல்லி முடியும். படித்ததும் நாகார்ஜுனர் நினைவு வரும். அதை வைத்து மட்டும் 'தாக்கம்' என்று எழுதக் கூடாது. ஒற்றுமை என்று எழுதலாம். எலியட்டுக்கு வகுப்பறை இருக்கிறது, ஸ்னைடருக்கு மடம் இருக்கிறது, ரைட்டுக்குப் பிளைத்தின் தொகுதிகள் இருக்கின்றன. அப்படிக் கையில் பிடிக்கும் கண்ணி ஒன்று இருந்தால்தான் நான் தாக்கம் என்பேன்.

"நம்மகிட்ட மணிமேகலையே இருக்கு. அப்புறம் ஏன் ஜப்பானிலிருந்து இறக்குமதி?"

நியாயமான கேள்வி. "பிறந்தோர் உறுவது பெருகிய துன்பம், பிறவார் உறுவது பெரும்பேரின்பம்" என்று சாத்தனார் எப்போதோ எழுதிவிட்டார். ஆனால் அந்தக் காப்பியத்தை உ.வே.சா. 1898-இல் பதிப்பித்தபோது தமிழில் புத்த மரபு அறுந்து பல நூற்றாண்டுகள் ஆகியிருந்தன. அதே 1898-இல்தான் அயோத்திதாசர் சென்னையில் சாக்கிய பௌத்த சங்கத்தைத் தொடங்கினார். மறுபக்கம், 1916-இல் சுதேசமித்திரனில் ஜப்பானியக் கவிதையைப் பற்றிப் பாரதி எழுதினார். தமிழில் முதல் ஹைக்கூ தொகுப்பு, அமுதபாரதியின் 'புள்ளிப் பூக்கள்', 1984-இல் வந்தது. ஹைக்கூ ஒரு வழியாகவும் அயோத்திதாசர் மீட்ட புத்தம் வேறு வழியாகவும் வந்தன. இரண்டும் கலந்து பேசிக்கொள்ளவே இல்லை என்பதில் எனக்கு வருத்தம் உண்டு.

மராத்தியில் அப்படி இல்லை. 1956 அக்டோபர் 14 அன்று நாக்பூரில் அம்பேத்கர் புத்தம் தழுவிய பிறகு வந்த தலித் கவிஞர்களுக்குப் புத்தர் என்பவர் மௌனம் அல்ல. தயா பவாரின் 'புத்தர்' கவிதை, ஜேதவனத்தில் கண்மூடிப் பத்மாசனத்தில் இருக்கும் உன்னை நான் காண்பதில்லை, எளியவர் நடுவே நடந்து பேசிக்கொண்டு போகிற உன்னைத்தான் காண்கிறேன் என்கிறது. நவீன கவிதையும் புத்தமும் என்று பேசும்போது கியோட்டோவை மட்டும் காட்டிவிட்டு நாக்பூரை விடுவது பெரிய பிழை.

"இலங்கையில நடந்ததைப் பார்த்தப்புறமும் புத்தம்னா கருணைன்னு எப்படிப் பேச முடியுது உங்களால?"

யாழ்ப்பாணத்திலிருந்து வந்த ஒரு அக்கா கேட்டது. என்னிடம் தயாராகப் பதில் இல்லை. இலங்கைத் தமிழ்க் கவிஞர் எம்.ஏ. நுஃமானின் 'புத்தரின் படுகொலை'யை எடுத்து வாசித்தோம். 1981-இல் யாழ் நூலகம் எரிக்கப்பட்டபோது எழுதிய கவிதை.

அதில் கனவில் புத்தர் சுடப்படுகிறார். சுட்டவர்கள் சிவில் உடை அணிந்த அரசுக் காவலர்கள். நூலகப் படிக்கட்டில் அவர் உடல் கிடக்கிறது. இரவில் வந்த அமைச்சர்கள், எங்கள் பட்டியலில் இவர் பேர் இல்லையே, ஏன் கொன்றீர்கள் என்று கேட்கிறார்கள். இவரைச் சுடாமல் ஓர் ஈயைக்கூடச் சுட முடியாமல் போயிற்று என்று பதில் வருகிறது. பிறகு தொண்ணூறாயிரம் புத்தகங்களால் உடலை மூடி, புத்தரின் உபதேசமான சிகாலோகவாத சூத்திரத்தைக் கொளுத்தி எரிக்கிறார்கள். தம்மபதமும் சாம்பலாகிறது. முதல் பதிலில் புத்தர் பேர் வரும் கவிதைகளில் பல அலங்காரம் என்றேன். இதில் பேர் வருகிறது, அவர் சடலமாக வருகிறார். அக்கா அதை இரண்டாம் முறை தானே வாசித்தார்.